வாட்டர்கிரெஸ் சாண்ட்விச்: முதல்முறை ஆஃப்டர்நூன் டீ வைப்பவர்களுக்கு

இங்கிலாந்துக்கு வந்த புதிதில் நாலு பேரை ஆஃப்டர்நூன் டீக்கு, அதாவது தேநீரோடு சாண்ட்விச், ஸ்கோன், கேக் வைக்கும் மாலைச் சிறுவிருந்துக்கு, அழைப்பவர்கள் முதலில் ஸ்கோன் என்ற சின்ன பன்னை நினைத்துத்தான் பயப்படுகிறார்கள். ஸ்கோனைக் கடையில் வாங்கிச் சூடுபண்ணி வைத்தால் யாரும் குறை சொல்லப்போவதில்லை. சாண்ட்விச் விஷயம் வேறு. சூப்பர்மார்க்கெட்டில் முக்கோணப் பெட்டியில் விற்பதைப் பிரித்துத் தட்டில் அடுக்கினால் பார்த்தவுடனே தெரிந்துவிடும். அதை வீட்டில்தான் செய்ய வேண்டும். அதிலும் வாட்டர்கிரெஸ் சாண்ட்விச்சுக்கு அடுப்பே பற்றவைக்கத் தேவையில்லை. பிரெட், வெண்ணெய், கீரை, உப்பு, மிளகு. வேறு எதுவும் கிடையாது.

சாமான் இவ்வளவு குறைவாக இருப்பதால்தான் தப்பு செய்தால் ஒளிக்க இடமில்லை. பிரெட் தடித்துவிட்டால் வாயில் பிரெட் மட்டும்தான் தெரியும். வெண்ணெய் ஓரம்வரை போகவில்லை என்றால் விரல் பட்ட இடத்தில் உதிரும். கீரையில் ஈரம் நின்றுவிட்டால் அரை மணி நேரத்தில் எல்லாம் நொதநொதத்துப் போகும். இந்தச் சாண்ட்விச்சைக் கெடுப்பது பெரும்பாலும் ஈரம்தான். அதனால் இங்கே திரும்பத் திரும்ப ஈரத்தைப் பற்றியே பேச வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

எது வாட்டர்கிரெஸ், எது இல்லை

வாட்டர்கிரெஸ் கடுகுக் குடும்பத்துக் கீரை. ஓடுகிற தண்ணீரில் வேர்விட்டு வளரும். கரும்பச்சையில் சின்னச் சின்ன வட்ட இலைகள், உள்ளே துளையுள்ள தண்டு. ஒரு இலையைக் கிள்ளி வாயில் போட்டால் முதலில் ஒன்றும் தெரியாது. மென்ற பிறகு நாலைந்து நொடியில் மூக்குவரை ஒரு காரம் ஏறும். மிளகாய்க் காரம் அல்ல, கடுகும் முள்ளங்கியும் சேர்ந்த காரம். இலை நசுங்கும்போதோ வெட்டுப்படும்போதோதான் அந்தக் காரம் உண்டாகிறது. இலைக்குள் தனித்தனியாக இருக்கும் இரண்டு பொருட்கள் அப்போதுதான் ஒன்றோடொன்று சேர்கின்றன. வெட்டி வைத்து நேரமாக ஆக வீரியம் குறையும். முதல் நாள் இரவே கீரையை நறுக்கி வைக்காதீர்கள் என்று சொல்வதற்குக் காரணம் இதுதான்.

கடையில் குழம்ப வாய்ப்புள்ள இடங்கள் இரண்டு. ஒன்று, சின்ன பிளாஸ்டிக் டப்பாவில் முளைவிட்டபடியே விற்கும் 'கிரெஸ்'. முட்டை சாண்ட்விச்சில் தூவுவது அது. மெல்லிய வெள்ளைத் தண்டும் குட்டி இலையுமாக இருக்கும், காரமும் லேசு. நமக்கு வேண்டியது அது அல்ல. இரண்டாவது, வாட்டர்கிரெஸ், ஸ்பினாச், ராக்கெட் மூன்றையும் கலந்த சாலட் பை. அவசரத்தில் பெயரின் முதல் சொல்லை மட்டும் படித்துவிட்டு எடுத்து வந்தால் பாதிக்குமேல் வேறு இலையாக இருக்கும். மலேசியா, சிங்கப்பூரிலிருந்து வந்தவர்களுக்குக் குழப்பமே வராது. சீனக் கடைகளில் கட்டுக்கட்டாகக் கிடைக்கும், சூப் வைக்கும் அதே கீரைதான் இது.

ஒரு விஷயத்தில் மட்டும் விளையாட வேண்டாம். வாய்க்காலோரம் நடக்கப் போகும்போது வாட்டர்கிரெஸ் தானாக முளைத்துக் கிடப்பதைப் பார்ப்பீர்கள். பறித்து வந்து பச்சையாகத் தின்னக் கூடாது. ஆடு மாடு மேயும் இடத்துத் தண்ணீரில் கல்லீரல் தட்டைப்புழுவின் நுண்பருவங்கள் இலையில் ஒட்டியிருக்கலாம். எத்தனை தடவை அலசினாலும் அது போகும் என்று நம்ப முடியாது. பச்சையாகச் சாப்பிடுவதற்குக் கடையில் விற்கும், பண்ணையில் வளர்த்த கீரை மட்டுமே.

பண்ணை என்றால் பெரும்பாலும் ஹாம்ப்ஷயர், டோர்செட் பக்கம். அங்கே சுண்ணாம்புப் பாறைக்குள் ஊறி வரும் ஊற்றுநீர் கோடை, குளிர் எதுவானாலும் ஏறக்குறைய 10 டிகிரியிலேயே இருக்கும். கீரைக்கு அதைவிடத் தோதான இடமில்லை. ஹாம்ப்ஷயரில் உள்ள ஆல்ரெஸ்ஃபர்ட் என்ற சிற்றூர் இதற்கே பேர்போனது. 1865இல் அந்த வழியாக ரயில்பாதை வந்ததும் காலையில் அறுத்த கீரை அன்றைக்கே லண்டன் சந்தைக்குப் போக ஆரம்பித்தது. 1973இல் மூடிய அந்தப் பாதையின் ஒரு பகுதியில் இப்போது நீராவி எஞ்சின் ஓட்டுகிறார்கள். பெயரே 'வாட்டர்கிரெஸ் லைன்'.

இன்று வெள்ளித் தட்டில் விரலளவு துண்டாக வந்து உட்காரும் இந்தக் கீரை ஒரு காலத்தில் ஏழைகளின் காலைச் சாப்பாடு. விக்டோரியா காலத்து லண்டனில் சின்னப் பெண்கள் விடியும் முன்பே ஃபாரிங்டன் சந்தைக்குப் போய்க் கீரை வாங்கி, கட்டுக்கட்டாகப் பிரித்துத் தெருவில் கூவி விற்றார்கள். வேலைக்குப் போகிறவர்கள் அதை பிரெட்டில் வைத்து நடந்துகொண்டே தின்றார்கள். பிரெட்டுக்குக் காசில்லாதவர்கள் கீரையை மட்டும் தின்றார்கள். சீமாட்டிகளின் தேநீர் மேசைக்கு வந்தபோதும் கீரை அதே கீரைதான். பிரெட் மெலிந்தது, ஓரம் போனது, வெட்டு நேரானது. ஆகவே நீங்கள் கற்றுக்கொள்ள வேண்டியதும் அந்த வெட்டும் மெலிவும்தான்.

சாமான்

நாலு பேருக்கு, ஒவ்வொருவருக்கும் மூன்று துண்டு என்ற கணக்கில்: எட்டு ஸ்லைஸ் பிரெட், 80 கிராம் அளவிலான ஒரு பை வாட்டர்கிரெஸ், 60 முதல் 70 கிராம் வெண்ணெய் (250 கிராம் பாக்கெட்டில் கால்வாசிக்குச் சற்று கூட), உப்பு, அப்போது பொடித்த மிளகு, விருப்பமிருந்தால் ஒரு எலுமிச்சம்பழத்தின் மஞ்சள் தோல் மட்டும். தட்டில் வேறு இரண்டு மூன்று வகை சாண்ட்விச்சும் இருக்கப்போகிறது என்றால் இதில் பாதி போதும்.

பிரெட் பாக்கெட்டின் மேல் தின், மீடியம், திக் என்று கனத்தைப் போட்டிருப்பார்கள். தின் கிடைத்தால் அதுவே. இல்லையென்றால் மீடியம் வாங்கி, ஒவ்வொரு ஸ்லைஸையும் சப்பாத்திக் கட்டையால் ஒரே ஒரு தடவை, அழுத்தாமல் உருட்டிவிடுங்கள். இரண்டாவது தடவை உருட்டினால் பிசைந்த மாவாகிவிடும். வெள்ளை பிரெட்டா பிரவுனா என்று கேட்டால் இந்தக் கீரைக்கு நான் பிரவுன் பக்கம். கோதுமைத் தவிட்டின் லேசான இனிப்பு கீரையின் காரத்துக்கு நன்றாக ஈடுகொடுக்கும். முழுத் தானியமும் விதையும் ஒட்டிய பிரெட் மட்டும் வேண்டாம், வெட்டும்போது விதையில் கத்தி இடறி ஓரம் பிய்யும். புளித்த மாவில் செய்யும் சவர்டோ பிரெட்டும் வேண்டாம், அதன் ஓட்டைகள் வழியாக வெண்ணெய் வெளியே வரும்.

இன்று சுட்ட பிரெட்டைவிட நேற்றைய பிரெட் நல்லது. புதுசு கத்திக்குக் கீழே நசுங்கும், ஒரு நாள் ஆனது நேராக வெட்டுப்படும்.

பேக்கரியில் ஸ்லைஸ் போடாத முழு லோஃப் கிடைத்தால் இங்கிலாந்தின் பழைய முறை ஒன்று இருக்கிறது. லோஃபின் ஒரு முனையை வெட்டி எடுத்துவிட்டு, வெட்டின முகத்தில் முதலில் வெண்ணெயைத் தடவிவிட வேண்டும். அதற்குப் பிறகு, வெண்ணெய் தடவிய அந்தப் பக்கத்தோடு சேர்த்து மெல்லிய ஸ்லைஸாக அறுக்க வேண்டும். அடுத்த முகத்துக்கு மறுபடி வெண்ணெய், மறுபடி ஸ்லைஸ். மெல்லிய ஸ்லைஸைக் கையில் வைத்துக்கொண்டு வெண்ணெய் தடவினால் கிழியும். லோஃபோடு ஒட்டியிருக்கும்போது தடவினால் கிழிய வழியே இல்லை. முதல் இரண்டு ஸ்லைஸ் கோணலாகத்தான் வரும். அதைச் சமைக்கிறவர் தின்றுவிடலாம்.

வெண்ணெயும் தடுப்புச் சுவரும்

வெண்ணெய் இங்கே ருசிக்கு மட்டும் இல்லை. கீரையின் ஈரம் பிரெட்டுக்குள் இறங்காமல் தடுப்பதும் அதுதான். வெண்ணெயில் 80 சதவீதத்துக்குக் குறையாமல் கொழுப்பு இருக்கிறது. கொழுப்புக் குறைந்த ஸ்பிரெட் டப்பாக்களில் அந்த இடத்தை நிரப்புவது தண்ணீர். உடம்புக்கு நல்லது என்று அதைத் தடவினால் ஈரத்தை நீங்களே உள்ளே கொண்டுபோய் வைத்ததாக ஆகும். பால் பொருள் வேண்டாதவர்கள் கடையில் கட்டியாக, காகிதத்தில் சுற்றி விற்கும் தாவர வெண்ணெயை வாங்குங்கள். டப்பாவில் குழைவாக இருப்பதைவிட அது மேல்.

வெண்ணெய் எவ்வளவு மென்மையாக இருக்க வேண்டும்? கட்டைவிரலால் அழுத்தினால் பள்ளம் விழ வேண்டும், ஆனால் பளபளவென்று உருகியிருக்கக் கூடாது. இங்கிலாந்து வீடுகளில் ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து ஒரு மணி நேரமாவது வெளியே வைக்க வேண்டியிருக்கும். அவசரம் என்று மைக்ரோவேவில் வைத்தால் நடுப்பகுதி எண்ணெயாகவும் ஓரம் கல்லாகவும் இருக்கும். அதற்குப் பதில் சின்னச் சின்னக் கட்டிகளாக வெட்டித் தட்டில் பரப்பிவைத்தால் 20 நிமிடத்தில் பதமாகிவிடும்.

தடவும்போது தோசைக்கல்லில் எண்ணெய் விடுவதுபோல நடுவில் ஊற்றித் தேய்த்துவிட்டு ஓரத்தை விட்டுவிடுகிறார்கள். இங்கே ஓரத்திலிருந்து ஆரம்பியுங்கள். ஸ்லைஸின் நாலு பக்கமும் முதலில் ஒரு கோடாக இழுத்துவிட்டு, பிறகு உள்ளே நிரப்புங்கள். இரண்டு ஸ்லைஸுக்கும் தடவ வேண்டும், ஒன்றுக்கு மட்டும் போதாது. பிரெட்டின் துளைகள் கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு ஒரு மெல்லிய பூச்சு, ஸ்லைஸுக்கு 8 கிராம் போல. உப்பையும் மிளகையும் இந்த வெண்ணெய் மேல்தான் தூவ வேண்டும், கீரை மேல் அல்ல. கீரைமேல் உப்பு பட்டால் தண்ணீர் விட ஆரம்பிக்கும். உப்புப் போட்ட வெண்ணெய் வாங்கியிருந்தால் மேலே உப்பே வேண்டாம், மிளகு மட்டும் போதும்.

இன்னொரு முறையும் உண்டு, எனக்குப் பிடித்தது இதுதான். கீரையில் பாதியை மிகப் பொடியாக நறுக்கி, மென்மையான வெண்ணெயோடு சேர்த்துக் குழைத்துவிடுவது. கூடவே எலுமிச்சம்பழத் தோலைத் துருவிக் கொஞ்சம். சாறு வேண்டாம், அது மறுபடி ஈரம். பச்சைப் புள்ளி போட்ட இந்த வெண்ணெயை ஒரு பக்கம் தடவி, மீதிப் பாதிக் கீரையை முழு இலையாக நடுவில் வைத்தால் கடிக்கிற ஒவ்வொரு இடத்திலும் காரம் இருக்கும். வெறும் இலை மட்டும் வைத்த சாண்ட்விச்சில் கடிக்கும்போது ஒரு தண்டு இழுபட்டு மொத்தக் கீரையும் கூடவே வந்துவிடுகிற சங்கடம் உண்டு. கீரையில் பாதி வெண்ணெயோடு கலந்துவிட்டதால் இங்கே அது குறைவு.

கழுவி, உலர்த்தி

பையில் 'கழுவியது, அப்படியே சாப்பிடலாம்' என்று போட்டிருந்தால் மறுபடி கழுவாதீர்கள். தேவையில்லாமல் ஈரம் சேர்க்கிறோம், அவ்வளவுதான். பையைப் பிரித்து, மஞ்சளானதையும் கருத்துப்போனதையும் மட்டும் பொறுக்கிவிடுங்கள்.

கட்டாக வாங்கினால் கழுவ வேண்டும். பெரிய பாத்திரத்தில் குளிர்ந்த தண்ணீர் நிரப்பி, கீரையை அமுக்கி, இரண்டு நிமிடம் விட்டால் மண் கீழே தங்கும். அப்போது கீரையைக் கையால் அள்ளி எடுக்க வேண்டும். தண்ணீரோடு வடிகட்டியில் கவிழ்த்தால் தங்கிய மண் அத்தனையும் மறுபடி கீரை மேலேயே விழும். மண் தெரியாமல் போகும்வரை இப்படியே செய்யுங்கள்.

அடுத்து உலர்த்துவது. எல்லோரும் அவசரப்படுகிற இடம் இதுதான். சாலட் ஸ்பின்னர் இருந்தால் கீரையைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுச் சுற்றுங்கள். நிரப்பிப் போட்டால் நடுவில் உள்ளது காயாது. ஸ்பின்னர் இல்லையென்றால் சுத்தமான பருத்தித் துண்டில் கீரையைப் பரப்பி, துண்டைச் சுருட்டி, இரண்டு முனையையும் பிடித்து லேசாக உதறுங்கள். பிழிய வேண்டாம், இலை நசுங்கிக் காரம் துண்டோடு போய்விடும். எப்படி உலர்த்தினாலும் கடைசியில் ஒரு காய்ந்த துணியில் கால் மணி நேரம் பரப்பி வையுங்கள். ஒரு இலையை எடுத்து டிஷ்யூ காகிதத்தில் அழுத்திப் பாருங்கள். ஈரத்தடம் விழுந்தால் இன்னும் ஐந்து நிமிடம் வெளியே கிடக்கட்டும்.

உலர்ந்த பிறகு தண்டைக் கிள்ளுங்கள். தீக்குச்சிக்கு மேல் தடிமனான தண்டெல்லாம் தனியே போகட்டும், ஆனால் எறிந்துவிடாதீர்கள். நூல்போல உள்ள தண்டு இலையோடு இருக்கலாம், கடிப்பதற்கு அதுவும் நன்றாகத்தான் இருக்கும்.

அடுக்குவது

லோஃபிலிருந்து வந்த வரிசையிலேயே ஸ்லைஸ்களை இரண்டிரண்டாக, புத்தகம் திறந்த மாதிரி பலகையில் வையுங்கள். பக்கத்துப் பக்கத்து ஸ்லைஸ் என்றால் ஓரம் சரியாகப் பொருந்தும். வெண்ணெய் தடவி, உப்பு மிளகு தூவி, ஒரு பக்கத்தில் கீரையைப் பரப்புங்கள். நறுக்காத இலை மட்டும் வைப்பதானால் ஒரு சாண்ட்விச்சுக்கு 15 கிராமுக்குக் குறையாமல். பார்க்க அதிகம் போலத் தெரியும், மூடி அழுத்தினால் அடங்கிவிடும். பாதியை வெண்ணெயில் சேர்த்துவிட்டீர்கள் என்றால் இதில் பாதி இலை போதும். மூலைகளிலும் இலை இருக்கிறதா என்று பாருங்கள். நடுவில் குவித்துவிட்டு மூலையைக் காலியாக விட்டால், துண்டு போடும்போது ஓரத் துண்டு யாருக்குப் போகிறதோ அவருக்கு வெறும் பிரெட்தான்.

மற்ற ஸ்லைஸை மேலே கவிழ்த்து, உள்ளங்கையை விரித்து வைத்து ஒரே சீராக அழுத்துங்கள். இலை வெண்ணெயில் பதியும் அளவுக்கு, பிரெட் தட்டையாகாத அளவுக்கு.

நம் கை இந்தக் கட்டத்தில் சும்மா இருக்காது. ஒரு ஸ்பூன் பச்சைச் சட்னி, நாலு வளையம் வெள்ளரிக்காய், கொஞ்சம் தக்காளி என்று தோன்றும். அதெல்லாம் போட்டால் பம்பாய் சாண்ட்விச் ஆகிவிடும். அது அருமையான பண்டம், ஆனால் அதற்கு வேறு நேரம், வேறு தட்டு. காரம் போதவில்லை என்று தோன்றினால் கீரையை இன்னொரு பிடி கூட்டுங்கள், மிளகாயைத் தேடாதீர்கள். தக்காளி எந்த நிலையிலும் வேண்டாம்.

அடுக்கிய நாலு சாண்ட்விச்சையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து, பேக்கிங் தாளில் சுற்றி, மேலே ஒரு இலேசான தட்டை வைத்து 20 முதல் 30 நிமிடம் ஃபிரிட்ஜில் விடுங்கள். வெண்ணெய் மறுபடி இறுகும்போது இலையையும் இரண்டு பிரெட்டையும் சேர்த்துப் பிடித்துக்கொள்ளும். இதைச் செய்யாமல் வெட்டினால் மேல் ஸ்லைஸ் ஒரு பக்கமும் கீழ் ஸ்லைஸ் இன்னொரு பக்கமுமாக நழுவும். துண்டு எவ்வளவு நேராக வருகிறது என்பது பாதிக்குமேல் இந்த அரை மணி நேரத்தில்தான் இருக்கிறது.

வெட்டுவது

ஓரத்தைக் கடைசியில்தான் வெட்ட வேண்டும். முதலிலேயே ஓரத்தை எடுத்துவிட்டுப் பிறகு வெண்ணெய் தடவுகிறவர்கள் உண்டு. அப்படிச் செய்தால் வெட்டின பக்கம் காய ஆரம்பித்துவிடும், மேல் கீழ் ஓரமும் ஒன்றுக்கொன்று பொருந்தாது. எல்லாம் அடுக்கி, குளிர்ந்த பிறகு நாலு பக்க ஓரத்தையும் ஒரே நேர்கோட்டில் எடுங்கள்.

பல் வைத்த நீளமான பிரெட் கத்தி வேண்டும். மேலே விரல்களை விரித்து மெல்லப் பிடித்துக்கொண்டு, கத்தியைக் கீழே அமுக்காமல் முன்னும் பின்னும் நீளமாக இழுங்கள். கத்தியின் எடையே போதும். ஒவ்வொரு வெட்டுக்குப் பிறகும் கத்தியை ஈரத் துணியில் துடைத்து, உடனே காய்ந்த துணியிலும் துடைத்துவிடுங்கள். துடைக்காவிட்டால் முதல் வெட்டில் ஒட்டின பச்சை வெண்ணெய் அடுத்த துண்டின் ஓரத்தில் கறையாக விழும். ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு சாண்ட்விச்சுக்கு மேல் வைத்து வெட்ட வேண்டாம்.

ஓரம் போன சதுரத்தை ஒரே அகலமாக மூன்று நீளத் துண்டாக்கினால் 'ஃபிங்கர்'. குறுக்கும் நெடுக்குமாக மூலையிலிருந்து மூலைக்கு இரண்டு கோடு போட்டால் நாலு முக்கோணம். ஹோட்டல் தட்டுகளில் பெரும்பாலும் ஃபிங்கர்தான் பார்க்கலாம். கீரை சாண்ட்விச்சுக்கும் ஃபிங்கரே தோது, முக்கோணத்தின் கூர்முனையில் இலை நிற்காமல் உதிரும். வெட்டின பக்கத்தைப் பாருங்கள்: இரண்டு பிரெட்டுக்கும் நடுவில் ஒரு பச்சைக் கோடு நேராக, விடாமல் ஓட வேண்டும். எங்கேயாவது கோடு விட்டுப்போயிருந்தால் அந்த மூலையில் கீரை போதவில்லை.

மிஞ்சின ஓரங்களைக் காயவைத்துப் பொடித்தால் கட்லெட்டுக்கு ஆகும்.

விருந்தினர் வரும்வரை

வெட்டின பிரெட்டுக்குக் காற்று ஆகாது. அரை மணி நேரம் திறந்து கிடந்தால் ஓரம் விறைத்து மேலே மடங்கும். இங்கே மட்டும் ஈரத்தின் உதவி தேவைப்படுகிறது. துண்டுகளைத் தட்டில் நெருக்கமாக அடுக்கி, மேலே ஒரு பேக்கிங் தாளைப் போட்டு, அதற்கு மேலே நன்றாகப் பிழிந்த ஈரத் துணியை மூடுங்கள். துணி நேராக பிரெட்டைத் தொடக் கூடாது. இப்படி ஃபிரிட்ஜில் வைத்தால் இரண்டு மணி நேரம் தாங்கும். பரிமாறுவதற்கு 15 நிமிடம் முன்னால் வெளியே எடுத்தால் வெண்ணெய் கொஞ்சம் இளகி ருசி தெரியும். ஃபிரிட்ஜ் குளிர்ச்சியோடு தின்றால் வெண்ணெய் மெழுகு மாதிரி இருக்கும்.

கூடவே முட்டையோ கிரீம் சீஸோ வைத்த சாண்ட்விச்சும் இருந்தால் கவனம் தேவை. பிரிட்டனில் உணவுக்கடைகளுக்கான விதிப்படி, குளிரில் வைக்க வேண்டிய பண்டத்தைப் பரிமாறுவதற்காக வெளியே வைப்பது ஒரே ஒரு தடவை, அதுவும் அதிகபட்சம் 4 மணி நேரம். வீட்டிலும் அதையே பின்பற்றினால் நல்லது.

தட்டும் தேநீரும்

1840ஐ ஒட்டிய ஆண்டுகளில் பெட்ஃபோர்ட் சீமாட்டி அன்னா என்பவர், மதியச் சாப்பாட்டுக்கும் வெகு தாமதமான இரவுச் சாப்பாட்டுக்கும் நடுவில் பசிக்கிறது என்று தேநீரும் சிறு தீனியும் வரவழைத்துக்கொண்டார். அங்கிருந்துதான் இந்தப் பழக்கம் பரவியது என்பார்கள். நேரம் பொதுவாக மாலை 4 மணி சுமார். 'ஹை டீ' என்று அழைப்பிதழில் எழுதிவிடாதீர்கள். பெயரைக் கேட்டால் அதுதான் உசத்தி போலத் தோன்றும். உண்மையில் அது வேலை முடிந்து வந்த தொழிலாளர் குடும்பங்கள் மேசையில் உட்கார்ந்து சாப்பிட்ட, இறைச்சியும் சூடான பண்டமும் சேர்ந்த மாலைச் சாப்பாடு.

மூன்றடுக்குத் தட்டு இருந்தால் வழக்கமாகக் கீழே சாண்ட்விச், நடுவில் ஸ்கோன், மேலே கேக். கீழிருந்து மேலே சாப்பிட்டுக்கொண்டு போவார்கள். மூன்றடுக்கு இல்லையென்றால் சாதாரணத் தட்டு மூன்று போதும், யாரும் கேட்க மாட்டார்கள். சாண்ட்விச்சைக் கையால்தான் எடுத்துச் சாப்பிட வேண்டும், முள்கரண்டி வேண்டாம். கீரைக் கட்டிலிருந்து அழகான நாலு கொத்தை எடுத்துத் தட்டோரம் வைத்தால் போதுமான அலங்காரம்.

சைவக்காரர்களுக்கு இந்தச் சாண்ட்விச் பெரிய உபகாரம். ஆஃப்டர்நூன் டீ தட்டில் வழக்கமாக வருவது சால்மன், ஹாம், கோழி, முட்டை. வெள்ளரிக்காயும் வாட்டர்கிரெஸ்ஸும்தான் நமக்கு மிஞ்சும். வீட்டில் செய்யும்போது பலகையும் கத்தியும் அதற்கென்று தனியாக வைத்து, முதலில் இதை வெட்டி முடித்துவிடுங்கள்.

தேநீரில் என் சிபாரிசு சிலோன். ஏர்ல் கிரே தேநீரில் உள்ள பெர்கமாட் என்ற எலுமிச்சை வகைப் பழத்தின் வாசனை கீரையின் காரத்தோடு சண்டை போடும். அதை ஸ்கோன் வரும்வரை நிறுத்தி வையுங்கள். அஸ்ஸாம் பாலோடு நன்றாக இருக்கும், ஆனால் இவ்வளவு மென்மையான பண்டத்தை அமுக்கிவிடும். இலங்கையின் நுவரெலியா, திம்புள்ள பக்கத்துத் தேயிலையை மூன்று நிமிடம் ஊறவிட்டு, பால் இல்லாமலோ ஒரு சொட்டுப் பாலோடோ கொடுத்தால் வெண்ணெயின் பிசுக்கைக் கழுவிவிட்டு அடுத்த துண்டுக்கு நாக்கைத் தயார் செய்யும். ஜேம்ஸ் டெய்லர் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1867இல் அங்கே லூல்கந்துர தோட்டத்தில் தேயிலை பயிரிட்டதிலிருந்து அந்த மலைகளில் கொழுந்து பறித்ததில் பெரும்பகுதி தமிழகத்திலிருந்து கொண்டுபோகப்பட்டவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும்தான். லண்டன் சீமாட்டிகளின் மேசைக்கு அந்தத் தேநீர் வந்த கதையை விருந்தினருக்குச் சொல்வதும் சொல்லாததும் உங்கள் இஷ்டம்.

கை பழகிய பிறகு

முதல் தடவை வெண்ணெயும் கீரையும் மட்டும் செய்து பாருங்கள். அது கைவந்த பிறகு வெண்ணெய்க்குப் பதில் ஒரு பக்கம் கிரீம் சீஸ் தடவலாம், ஆனால் மறுபக்கம் வெண்ணெய் இருக்கட்டும். வேகவைத்த முட்டையை மசித்து மயோனைஸ் சேர்த்து, கடைசி நிமிடத்தில் நறுக்கிய வாட்டர்கிரெஸ் கலந்தால் அது இன்னொரு நல்ல சாண்ட்விச்; முட்டை முழுக்க ஆறிய பிறகுதான் கலக்க வேண்டும், இல்லாவிட்டால் சூட்டில் கீரை துவண்டுவிடும். வெள்ளரிக்காயையும் கீரையையும் சேர்த்து வைக்க ஆசைப்பட்டால் வெள்ளரியைத் தாள்போல் சீவி, உப்புத் தூவி 20 நிமிடம் வடியவிட்டு, துணியில் ஒற்றி எடுத்த பிறகு வையுங்கள்.

மிஞ்சின கீரையைப் பூங்கொத்து மாதிரி ஒரு டம்ளர் தண்ணீரில் தண்டு மூழ்க நிறுத்தி, மேலே ஒரு பையைத் தளர்வாக மூடி ஃபிரிட்ஜில் வைத்தால் இரண்டு நாள் வாடாது. கிள்ளிப்போட்ட தடித்த தண்டுகள் சூப்புக்கு. ஒரு வெங்காயத்தையும் ஒரு பெரிய உருளைக்கிழங்கையும் வெண்ணெயில் வதக்கி, அரை லிட்டர் தண்ணீர் விட்டு வேகவையுங்கள். கிழங்கு வெந்ததும் தண்டைப் போட்டு இரண்டே நிமிடம். அதற்கு மேல் கொதித்தால் பச்சை நிறம் மங்கிவிடும். இறக்கி, அரைத்து, உப்பும் மிளகும் போட்டால் இரவுச் சாப்பாடும் ஆயிற்று.